ஆயிரம் குன்று நாட்டின் காபிக் கணக்கு

(நம் சங்கத்தின் மூத்த குடிமக்கள் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம். நேரம் போதாமல் அன்று விட்டுப்போன சில விஷயங்களையும், வர முடியாமல் போன உங்களுக்காக இங்கே சேர்த்திருக்கிறேன்.)



இதுவரை இந்த மேடையில் நான் பேசியதெல்லாம் நாமினேஷன், லாக்கர் ஒப்பந்தம், 15எச் படிவம் என்றுதான். 36 வருடம் வங்கியில் எழுத்தராக இருந்தவனிடம் வேறு என்ன எதிர்பார்ப்பீர்கள்? இந்த முறை காபி. ஆனாலும் நடுவில் வட்டிக் கணக்கு ஒன்று வரும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஏன் காபி என்பது பொங்கல் விழாவுக்கு வந்தவர்களுக்குத் தெரியும். என் மகள் ருவாண்டாவில் இருந்து கொண்டுவந்த காபிப் பொடியை அன்று எல்லோருக்கும் போட்டுக் கொடுத்தோம். "என்ன சார், புளிக்குது?" என்றார் ஒருவர். "டிகாக்ஷன் சரியா இறங்கலையா?" என்றார் இன்னொருவர். இரண்டாவது குறுக்குத் தெரு மாமி ஒரு வாய் குடித்துவிட்டு, "பாவம், ஏழை நாடு. அவாளுக்கு இவ்வளவுதான் விளையும்போல" என்று டம்ளரைக் கீழே வைத்துவிட்டார். மாமி தப்பாக எதுவும் நினைத்துச் சொல்லவில்லை. ஆனால் அந்த வார்த்தை எனக்கு உறுத்தியது. ஏனென்றால் உலகத்தில் காபியைச் சுவைத்து மார்க் போடுகிறவர்கள் தேடி வாங்கும் சரக்கு அது. தப்பு எங்கள் மேல்தான். சிக்கரி இல்லாமல், லேசாக வறுத்த பொடியை நம் பில்டரில் போட்டு, பாலும் சர்க்கரையும் கொட்டிக் கெடுத்தோம். அந்தப் பொடி எப்படி அங்கிருந்து வருகிறது, அதில் யாருக்கு என்ன கிடைக்கிறது என்பதை உங்களுக்குச் சொல்லிவிட வேண்டும் என்று அன்றைக்கே முடிவு செய்தேன்.

என் மகளும் மாப்பிள்ளையும் ருவாண்டாவின் தலைநகர் கிகாலியில் வேலை பார்க்கிறார்கள். 2024 மார்ச்சில் நானும் என் மனைவியும் போய் மூன்று மாதம் இருந்தோம். மனைவி கிளம்பும்போதே பில்டர், இரண்டு கிலோ பொடி எல்லாம் எடுத்துக்கொண்டாள். காபி விளையும் நாட்டுக்கே காபிப் பொடி கொண்டுபோகிறாயே என்று கேலி செய்தேன். போன பிறகுதான் தெரிந்தது, அந்த ஊர்க்காரர்கள் பெரும்பாலும் குடிப்பது பால் விட்ட தேநீர். காபி அவர்களுக்கு விற்கிற பொருள்.

நாடு ரொம்பச் சின்னது. 26,338 சதுர கிலோமீட்டர். தமிழ்நாட்டை ஐந்தாகப் பங்கு போட்டால் ஒரு பங்கு. அதில் 2022 கணக்கெடுப்பின்படி 1 கோடியே 32 லட்சம் மக்கள். ஆயிரம் குன்றுகளின் நாடு என்று பெயர். ஆயிரம் என்பது குறைத்துச் சொன்னது என்றுதான் எனக்குத் தோன்றியது. எங்கே திரும்பினாலும் குன்று. உச்சிவரை பாத்தி கட்டி வாழை, பீன்ஸ், சர்க்கரைவள்ளி. நடுநடுவே காபி. கடல் கிடையாது. தார் எஸ் சலாம் துறைமுகத்துக்கு ஏறக்குறைய 1,500 கிலோமீட்டர் லாரியில் போக வேண்டும்.

கேள்விப்பட்டவுடன் நமக்குப் பொறாமை வருகிற மாதிரி அங்கே ஒரு வழக்கம் உண்டு. மாதத்தின் கடைசிச் சனிக்கிழமை காலை 8 முதல் 11 மணி வரை எல்லோரும் தெருவுக்கு வந்து பொதுவேலை செய்ய வேண்டும். உமுகாண்டா என்று பெயர். வடிகால் தூர்ப்பது, மரம் நடுவது, முடிந்ததும் அங்கேயே கூட்டம். நாம் ஞாயிற்றுக்கிழமை துப்புரவுக்கு ஏழு பேர் வந்தால் போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் போடுகிறோம்! சரி, காபிக்கு வருகிறேன்.

அங்கே நம் குடகு மாதிரி பெரிய எஸ்டேட்டுகள் அபூர்வம். சுமார் 4 லட்சம் குடும்பங்கள் காபி போடுகின்றன. ஒரு வீட்டுக்கு 200, 300 செடி. கொல்லைப்புறத்தில் நாம் முருங்கை வைக்கிற மாதிரி அவர்கள் காபி வைத்திருக்கிறார்கள். கடல் மட்டத்தில் இருந்து 1,400 முதல் 2,000 மீட்டர் உயரத்தில் விளையும் அராபிகா, அதிலும் போர்பன் என்ற பழைய ரகம்தான் பெரும்பகுதி. உயரம் கூடக்கூடப் பழம் மெதுவாகப் பழுக்கும், கொட்டை கெட்டியாகும், மணம் கூடும். மாமி புளிப்பு என்று சொன்னாரே, அது இந்த உயரத்தின் சுவை. ஆரஞ்சுப் பழத்தில் புளிப்பு இருப்பது மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். மொத்த உற்பத்தி ஆண்டுக்கு 20,000 டன் அளவில்தான் இருக்கும். நம் இந்தியாவில் 3.5 லட்சம் டன்.

இந்தச் செடி அவர்கள் ஆசைப்பட்டு வைத்தது அல்ல. 1904 வாக்கில் ஜெர்மானியப் பாதிரிமார்கள் தென்மேற்கே மிபிரிசி என்ற ஊரில் முதலில் நட்டார்கள். பிறகு நாட்டை ஆண்ட பெல்ஜியர்கள் 1930-களில், ஒவ்வொரு குடும்பமும் இத்தனை செடி வைத்தே ஆக வேண்டும் என்று ஊர்த் தலைவர்கள் மூலம் கட்டாயப்படுத்தினார்கள். வரியைப் பணமாகக் கட்டச் சொன்னார்கள். பணம் வேண்டுமானால் காபி விற்க வேண்டும். 1962-ல் சுதந்திரம் வந்த பிறகும் கட்டாயம் போகவில்லை. செடியைப் பிடுங்கக் கூடாது, கவனிக்காமல் விட்டால் அபராதம். அரசாங்கம் வைத்ததுதான் விலை. நாட்டின் ஏற்றுமதி வருமானத்தில் பாதிக்கு மேல் இந்த ஒரு பயிரில் இருந்து வந்தது.

இங்கே நான் என் சொந்த அனுபவத்துக்குக் கொஞ்சம் போக வேண்டும். 1980-களின் கடைசியில் கீழ்ப்பழனி மலை அடிவாரத்தில் ஒரு கிளையில் எனக்கு வேலை. காபி விவசாயிகள்தான் முக்கியமான வாடிக்கையாளர்கள். அப்போது நம் நாட்டில் விளைந்த காபியை எல்லாம் காபி போர்டின் பூலில்தான் கொடுக்க வேண்டும். போர்டு விற்றுவிட்டுத் தவணை தவணையாகப் பணம் தரும். 1989 கடைசியில் ஒரு நாள், பத்து ஏக்கர் வைத்திருந்த ஒரு பெரியவர் என் கவுண்டர் முன்னால் வந்து நின்றார். "ஏன் தம்பி, லண்டன்ல என்னமோ ஒப்பந்தம் முறிஞ்சிருச்சாமே, நமக்கு என்ன ஆகும்?" என்று கேட்டார். எனக்கு ஒன்றும் தெரியவில்லை. "அதெல்லாம் பெரிய ஆளுங்க விஷயம்யா, நீங்க லெட்ஜர்ல கையெழுத்துப் போடுங்க" என்றேன். பி.காம். படித்தவன் சொன்ன பதில் அது. இன்றைக்கும் நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

அவர் கேட்டது சர்வதேச காபி ஒப்பந்தத்தைப் பற்றி. 1962-ல் தொடங்கியது. எந்த நாடு எவ்வளவு ஏற்றுமதி செய்யலாம் என்று கோட்டா வைத்து, விலை அதலபாதாளத்துக்குப் போகாமல் பிடித்துக்கொண்டிருந்தார்கள். விற்கும் நாடுகளும் வாங்கும் நாடுகளும் சேர்ந்து போட்ட ஒப்பந்தம். 1989 ஜூலையில் அவர்களுக்குள் உடன்பாடு வராமல் கோட்டாவைக் கைவிட்டார்கள். அதுவரை கிடங்குகளில் இருந்த சரக்கெல்லாம் சந்தைக்கு வந்தது. சில மாதங்களில் விலை ஏறத்தாழ பாதியாகிவிட்டது.

நமக்கு அதனால் பெரிய பஞ்சம் வரவில்லை. உள்ளூரிலேயே குடிக்க நீங்களும் நானும் இருந்தோம். 1996-க்குள் பூல் முறையும் போனது, விவசாயி தானே விற்றுக்கொள்ளலாம் என்றானது. ருவாண்டாவுக்கு இந்த வசதி எதுவும் இல்லை. உள்ளூரில் குடிக்க ஆள் இல்லை, வேறு ஏற்றுமதியும் அதிகம் இல்லை. கிலோவுக்கு 125 பிராங்க் என்று அரசாங்கம் கொடுத்துவந்த விலையை 1990-ல் 100 ஆகக் குறைத்தார்கள். அதே சமயத்தில் நாட்டின் தெற்கில் பஞ்சம். 1990 அக்டோபரில் உள்நாட்டுப் போர் தொடங்கியது. நவம்பரில் நாணய மதிப்பைக் குறைத்தார்கள். உப்பில் இருந்து மண்ணெண்ணெய் வரை எல்லாம் விலை ஏறியது. விவசாயிகள் அபராதத்தைப் பற்றிக் கவலைப்படாமல் காபியைப் பிடுங்கிவிட்டு உணவுப் பயிர் போட்டார்கள்.

1994-ல் நடந்தது உங்களுக்குத் தெரியும். ஏப்ரல் முதல் ஜூலை வரை 100 நாட்களில் 8 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் கொல்லப்பட்டார்கள். பெரும்பாலோர் துட்சி மக்கள். 10 லட்சத்துக்கு மேல் என்பது அந்நாட்டு அரசின் கணக்கு. காபி விலை விழுந்ததால் இது நடந்தது என்று சிலர் எழுதுகிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. விலை விழுந்த நாடுகள் பல உண்டு, எல்லா இடத்திலும் பக்கத்து வீட்டுக்காரனை யாரும் வெட்டவில்லை. அது திட்டமிட்டு, பட்டியல் போட்டு, வானொலியில் அறிவித்துச் செய்தது. விலைச் சரிவு வேலையில்லாத இளைஞர்களையும் கஜானா காலியான அரசாங்கத்தையும் உண்டாக்கியது, அவ்வளவுதான் சொல்லலாம். நாங்கள் போயிருந்தது 30-வது ஆண்டு நினைவு நாட்களில். ஏப்ரல் 7 முதல் ஒரு வாரம் ஊரில் பாட்டுச் சத்தம் இல்லை. கிகாலியில் உள்ள நினைவிடத்தில் சுமார் இரண்டரை லட்சம் பேரைப் புதைத்திருக்கிறார்கள். உள்ளே போனவள், என் மனைவி, பாதியில் வெளியே வந்து திண்ணையில் உட்கார்ந்துவிட்டாள். அதைப் பற்றி இதற்கு மேல் எழுத எனக்குத் தெம்பு இல்லை.

இனி, அந்தக் காபி மறுபடி எழுந்த கதை. இதற்குக் கொஞ்சம் தொழில் விவரம் வேண்டும்.

பொடிக் கடையில் நீங்கள் "பிளான்டேஷன் ஏ", "பீபெரி" என்று கேட்டு வாங்குகிறீர்கள். பிளான்டேஷன் என்றால், பழத்தைப் பறித்த அன்றே பல்ப்பரில் போட்டுத் தோலை உரித்து, ஊறவைத்து, கழுவிக் காயவைத்தது என்று அர்த்தம். கழுவாமல் பழமாகவே காயவைத்தால் அது செர்ரி. விலையில் வித்தியாசம் உண்டு. பழம் பறித்ததில் இருந்து எட்டு மணி நேரத்துக்குள் பல்ப்பருக்குப் போய்ச் சேர வேண்டும். தாமதித்தால் பழம் தன்னாலேயே புளிக்கத் தொடங்கிவிடும். அதன் பிறகு என்ன கழுவினாலும் அந்த வாடை போகாது. ஆகவே நல்ல காபியா மட்டமான காபியா என்பது பெரும்பாலும் இந்த எட்டு மணி நேரத்தில் தீர்ந்துவிடுகிறது.

பழைய ருவாண்டாவில் இதைப் பற்றி யாரும் கவலைப்படவில்லை. ஒவ்வொரு வீட்டிலும் கல்லாலோ கை இயந்திரத்தாலோ தோலை உரித்து, இருக்கிற தண்ணீரில் அலசி, வாசலில் காயவைத்து, தரகரிடம் கொடுப்பார்கள். நன்றாகச் செய்தவனுக்கும் மோசமாகச் செய்தவனுக்கும் ஒரே விலை என்றால் யார் மெனக்கெடுவார்கள்? உலகச் சந்தையில் ருவாண்டா காபி என்றால் கலப்புக்குப் போடும் சாதாரணச் சரக்கு.

1999-ல் தெற்கே புட்டாரே நகருக்குப் பக்கத்தில், மராபா என்ற பகுதியில் 200 சொச்சம் பேர் ஒரு கூட்டுறவுச் சங்கம் தொடங்கினார்கள். படுகொலையில் கணவரை இழந்த பெண்கள் பலர். கணவர் அந்தக் குற்றத்துக்காகச் சிறையில் இருந்த பெண்களும் அதே சங்கத்தில் இருந்தார்கள். இதைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். நம் தெருவில் கார் நிறுத்தும் தகராறில் இரண்டு வருடமாகப் பேசாமல் இருப்பவர்கள் யார் யார் என்று நமக்குத் தெரியும்.

அமெரிக்க அரசின் உதவியோடு அங்குள்ள பல்கலைக்கழகங்கள் 2001-ல் ஒரு திட்டம் கொண்டுவந்தன. பேர்ல் என்று சுருக்கமாகச் சொல்வார்கள். அதே ஆண்டு மராபாவில் பழம் கழுவும் நிலையம் ஒன்று வந்தது. ஒரு பல்ப்பர், சில சிமெண்ட் தொட்டிகள், தண்ணீர், கம்பி வலை அடித்த நீளமான மேசைகள், அவ்வளவுதான் சொத்து. விவசாயி பழமாகவே கொண்டுவந்து கொடுத்தால் போதும். பழுத்த சிவப்புப் பழத்துக்குத்தான் காசு, பச்சையை ஒதுக்கிவிடுவார்கள். உள்ளூர் இளைஞர்களுக்குக் காபியை உறிஞ்சிச் சுவைத்து மார்க் போடக் கற்றுக்கொடுத்தார்கள். பிறந்ததில் இருந்து காபி விளைவித்தவர்கள் தங்கள் காபி என்ன ருசி என்று முதல் முறையாகத் தெரிந்துகொண்டது அப்போதுதான்.

நேரம் என்னவோ மிக மோசமான நேரம். 2001 கடைசியில் உலகச் சந்தையில் ஒரு பவுண்டு காபி அரை டாலருக்கும் கீழே போயிருந்தது. ஆனாலும் 2002-ல் அமெரிக்காவின் லூசியானாவில் உள்ள கம்யூனிட்டி காபி என்ற நிறுவனம், மராபாவின் சரக்கில் ஒரு கண்டெய்னரைச் சந்தை விலையைவிட மிக அதிகம் கொடுத்து வாங்கியது. 2003-ல் பிரிட்டனில் செயின்ஸ்பரி கடைகளில் மராபா என்று பெயர் போட்ட பாக்கெட் விற்பனைக்கு வந்தது. 2008-ல், உலகின் சிறந்த காபிகளைத் தேர்ந்தெடுக்கும் கப் ஆஃப் எக்சலன்ஸ் போட்டி ஆப்பிரிக்காவிலேயே முதல் முறையாக ருவாண்டாவில் நடந்தது. இன்று நாடு முழுக்க 300-க்கும் மேற்பட்ட கழுவும் நிலையங்கள் இருக்கின்றன.

இந்த இடத்தோடு நிறுத்திவிட்டால் நல்ல கதை. நானும் போவதற்கு முன்னால் இவ்வளவுதான் படித்திருந்தேன்.

ஏப்ரல் மூன்றாவது வாரம் மகளின் அலுவலக டிரைவர் எங்களை மூன்று மணி நேரம் தெற்கே அழைத்துப்போய் ஒரு நிலையத்தைக் காட்டினார். அது எது என்று சொல்லப் போவதில்லை, காரணம் பிறகு புரியும். அறுவடைக் காலம். பிற்பகலில் இருந்தே ஆட்கள் வர ஆரம்பித்துவிட்டார்கள். சைக்கிளில் மூட்டை கட்டித் தள்ளிக்கொண்டு ஆண்கள், தலையில் கூடையோடு பெண்கள். முதலில் பழத்தைத் தண்ணீரில் கொட்டுகிறார்கள். மிதப்பது சொத்தை, அதற்கு விலை குறைவு. மூழ்கியதை எடை போடுகிறார்கள். பக்கத்தில் ஒரு மேசையில் ஒரு பையன் நீளமான நோட்டில் எழுதுகிறான். பெயர், கிலோ, விலை, தொகை, கையெழுத்து. மொழி எனக்குப் புரியாவிட்டாலும் அந்த ஐந்து காலமும் நன்றாகப் புரிந்தது! கடைசி வரியில் கூட்டல் சரியா என்று மனசுக்குள் போட்டுப் பார்த்தேன். சரியாகத்தான் இருந்தது.

உள்ளே மேசைகளில் கழுவிய கொட்டை காய்ந்துகொண்டிருந்தது. ஏழெட்டுப் பெண்கள் இருபுறமும் நின்று ஒவ்வொரு கொட்டையாகப் பார்த்து ஒதுக்குகிறார்கள். இரண்டு மூன்று வாரம் இப்படியே. பூச்சி கடித்த கொட்டை ஒன்று உள்ளே போய்விட்டால், அரைக்கும்போது அந்தக் கோப்பை முழுக்கப் பச்சை உருளைக்கிழங்கு வாசனை அடிக்குமாம். அந்தப் பகுதி காபிக்கே உரிய சாபம். கண்ணுக்குத் தெரியாத கடியும் உண்டு, அதை எந்தப் பெண்ணாலும் பொறுக்கி எடுக்க முடியாது.

மணி ஐந்தரை ஆனது. எடை போட்டவர்கள் எல்லாம் வரிசையில் நிற்கிறார்கள், ஆனால் வரிசை நகரவில்லை. மேனேஜர் போனும் கையுமாக முன்னும் பின்னும் நடக்கிறார். வங்கியில் இருந்து அன்றைக்கு வரவேண்டிய பணம் வரவில்லை. "நாளை கண்டிப்பாக" என்று அறிவித்தார். எடை போடாத கூட்டத்தில் பாதிப் பேர் கூடையைத் தூக்கிக்கொண்டு சாலைக்குப் போனார்கள். அங்கே வேறொரு நிலையத்துக்காகப் பழம் வாங்கும் ஆள் பிக்அப் வண்டியோடு நின்றிருந்தார். டிரைவர் அவர்களில் ஒரு பெண்ணை "மாமா" என்று கூப்பிட்டார். எந்த மாமா என்று நான் திரும்பிப் பார்த்தேன். அவர்கள் மொழியில் அம்மா வயதுப் பெண்ணை மரியாதையாக அப்படித்தான் அழைப்பார்களாம்.

அந்த அம்மாவிடம் 240 செடி இருக்கிறது. அன்று கொண்டுவந்தது 18 கிலோ. அந்த ஆண்டு அரசு அறிவித்த குறைந்தபட்ச விலை கிலோவுக்கு 480 பிராங்க், நம் பணத்தில் சுமார் 30 ரூபாய். பிக்அப்காரர் கொடுத்தது அதைவிடக் குறைவு. ஏன் அவரிடம் கொடுத்தீர்கள் என்று டிரைவர் மூலம் கேட்டேன். பள்ளிக்கூடம் திறந்துவிட்டது, மகளுக்குப் பணம் கட்ட வேண்டும் என்றார். அதோடு, பழத்தை நாளைவரை வைத்திருந்தால் யார் வாங்குவார்கள்? வீட்டில் காபி குடிப்பீர்களா என்று கேட்டதற்குச் சிரித்தார். சங்கக் கூட்டத்தில் ஒரு முறை கொடுத்தார்களாம். கசந்ததாம். மாமி ஞாபகம் அப்போது வரவில்லை, பொங்கலன்று வந்தது.

இப்போது வட்டிக் கணக்கு. ஒரு சிறிய நிலையம் பருவத்தில் 300 டன் பழம் வாங்குகிறது என்று வைத்துக்கொள்வோம். கிலோ 30 ரூபாய் என்றால் 90 லட்சம் ரூபாய். இதை ஏறக்குறைய 100 நாட்களுக்குள், மாலைக்கு மாலை ரொக்கமாகக் கொடுக்க வேண்டும். காபி காய்ந்து, கிகாலி ஆலையில் தோல் நீக்கி, லாரியில் போய், கப்பல் ஏறி, வாங்கியவர் பணம் அனுப்ப எட்டு மாதம் ஆகும். அதுவரை கடன். அங்கே வங்கி வட்டி 16, 17 சதவீதம். 90 லட்சத்துக்கு 17 சதவீதத்தில் எட்டு மாத வட்டி 10 லட்சத்து 20 ஆயிரம். கிலோ பழத்துக்கு 3 ரூபாய் 40 காசு. கடனைப் பகுதி பகுதியாக எடுத்தால் கொஞ்சம் குறையும். விவசாயிக்குக் கூடுதல் விலை தரலாமா என்று ஒரு கூட்டுறவுச் சங்கம் மணிக்கணக்காகப் பேசுவதே கிலோவுக்கு 2, 3 ரூபாய்க்குத்தான்.

இதே தொழிலில் பன்னாட்டு வணிகக் குழுமங்களின் கிளை நிறுவனங்களும் இருக்கின்றன. அவர்களுக்குச் சொந்தமாக நிறைய நிலையங்கள் உண்டு. தங்கள் நாட்டில் டாலரில் குறைந்த வட்டிக்குக் கடன் வாங்கி வந்து இங்கே ரொக்கம் கொடுப்பார்கள். கூட்டுறவுச் சங்கத்தின் பணம் ஒரு மாலை வராவிட்டால் அன்றைய பழம் அவர்களுக்கு. ருசியும் பெயரும் சம்பாதித்துக் கொடுத்தது அந்தச் சின்னச் சங்கங்கள். லாபம் ரொக்கம் வைத்திருப்பவருக்கு. கடன் விண்ணப்பத்தில் "பருவகால நடைமுறை மூலதனம்" என்று ஒரு வரி வரும். எத்தனை விண்ணப்பங்களில் அந்த வரியைப் பார்த்து, "அடுத்த வாரம் வாங்க" என்று நான் சொல்லியிருப்பேன்! பழம் எட்டு மணி நேரம்தான் தாங்கும் என்று அன்றைக்கு எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் மேனேஜர் கையெழுத்து வேண்டும் என்பது வேறு விஷயம்.

அரசாங்கம் சும்மா இருக்கவில்லை. 2016-ல் ஒரு விதி கொண்டுவந்தார்கள். ஒவ்வொரு நிலையத்துக்கும் ஒரு வட்டாரம், அந்த வட்டார விவசாயி அந்த நிலையத்துக்குத்தான் பழம் தர வேண்டும். நிலையங்கள் விவசாயிக்கு உரமும் பயிற்சியும் கொடுத்து வளர்த்துவிட, பழம் வேறு இடத்துக்குப் போய்விடுகிறது என்ற நியாயமான குறை இருந்தது. ஆனால் விற்கும் இடம் ஒன்றுதான் என்றால் விலை என்ன ஆகும் என்று ரேஷன் கடைக்கு முன்னால் நின்ற நமக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. என்னைக் கேட்டால், 1930-களின் கட்டாயம் வேறு சட்டை போட்டு வந்தது போலத்தான். 2023-ல் அந்த விதியை எடுத்துவிட்டார்கள். அந்த அம்மா கூடையைத் தூக்கிக்கொண்டு சாலைக்குப் போக முடிந்தது அதனால்தான். அதற்காகக் கூடுதல் விலை கிடைத்ததா என்றால், அன்றைக்குக் கிடைக்கவில்லை. ஆனால் அன்று மாலை கையில் காசு இருந்தது.

பிறகு நிலைமை கொஞ்சம் மாறியிருக்கிறது. 2025 தொடக்கத்தில் உலகச் சந்தையில் அராபிகா ஒரு பவுண்டு 4 டாலரைத் தாண்டியது. பொடிக் கடையில் நீங்களும் அதை உணர்ந்திருப்பீர்கள். ருவாண்டாவில் குறைந்தபட்ச விலையை 600 பிராங்க் ஆக்கினார்கள். ஆனால் பழத்தின் விலை ஏறினால் அதை வாங்க நிலையத்துக்கு வேண்டிய ரொக்கமும் ஏறும், அதற்கான வட்டியும் ஏறும். இதை யாரும் செய்தியில் எழுதுவதில்லை.

இன்னொரு கணக்கு. ஒரு கிலோ வறுத்த காபிக்கு ஏறக்குறைய 8 கிலோ பழம் வேண்டும். 2024 விலையில் 240 ரூபாய். ஒரு கிலோவில் 50 கோப்பைக்கு மேல் போடலாம். ஆக, கோப்பைக்கு 5 ரூபாய்க்கும் குறைவாக அந்த அம்மாவுக்கு. நியூயார்க்கில் அந்தக் கோப்பை 4 டாலர் என்றால் 330 ரூபாய்க்கு மேல். நடுவில் லாரி, கப்பல், வறுப்பவர், கடை வாடகை, அந்த ஊர்ச் சம்பளம் எல்லாம் உண்டு. எல்லாம் கொள்ளை என்று நான் சொல்ல மாட்டேன். அந்த 5 ரூபாய்க்காக அவர் எட்டு மணி நேரத்தோடு ஓடுகிறார் என்பதுதான் எனக்கு மறக்கவில்லை.

கேள்வி நேரத்தில், நாம் என்ன செய்ய முடியும் என்று ஒருவர் கேட்டார். பெரிதாக ஒன்றும் இல்லை. நீங்கள் வாங்கும் பாக்கெட்டில் எந்த நாடு, எந்த நிலையம் என்று போட்டிருந்தால், அந்த நிலையம் கூட்டுறவா, நிறுவனமா என்று பாருங்கள். கூட்டுறவு என்று போட்டாலும் அவர்களுக்கு முன்பணம் கொடுத்து வாங்குகிறார்களா என்று கேளுங்கள். கடைக்காரருக்குத் தெரியாமல் இருக்கலாம். அந்தப் பெரியவர் என்னிடம் கேட்டபோது எனக்கும் தெரியவில்லை.

மகள் அடுத்த மாதம் வருகிறாள். அரைக் கிலோ கொட்டையாகவே கொண்டுவரச் சொல்லியிருக்கிறேன். இந்த முறை பால் கிடையாது, சர்க்கரையும் வேண்டாம். கொதித்த தண்ணீரை அரை நிமிடம் ஆறவிட்டு, துணி வடிகட்டியில் மெதுவாக ஊற்ற வேண்டுமாம், கற்றுக்கொண்டு வந்திருக்கிறேன். நாள் முடிவானதும் குரூப்பில் போடுகிறேன். சங்க அலுவலகத்தில் மாலை ஐந்து மணிக்கு, முதல் டம்ளர் இரண்டாவது குறுக்குத் தெரு மாமிக்கு. அவர் ஒப்புக்கொண்டுவிட்டார், ஆனால் பாதுகாப்புக்குத் தன் வீட்டு டிகாக்ஷனையும் ஒரு பிளாஸ்கில் கொண்டுவருவாராம்.